ஆற்றில் சட்டையோடு நின்றவன்

பாட்டு இல்லாத, சண்டை இல்லாத, பல நேரம் வசனமே இல்லாத படங்களில் நடிக்க வந்திருக்கும் தம்பி தங்கைகளுக்கு வணக்கம். அனுபவத்தை எழுது என்று என்னிடம் கேட்டிருக்கிறார்கள். எனக்கு வயது இருபத்தொன்பது. அனுபவம் எழுதுகிற வயதா இது என்று நீங்கள் சிரிப்பது தெரிகிறது. நம் தொழிலில் ஆறு வருடம் ஓடிப்போகாமல் ஒருவன் நின்றுவிட்டாலே பெரியவர் வரிசையில் உட்கார வைத்துவிடுகிறார்கள். மற்றவர்கள் எல்லாம் சீரியலுக்கோ துபாய்க்கோ போய்விட்ட பிறகு யார்தான் மிச்சம்?

என் வீட்டில் நான்தான் முதலில் படித்தவன். அம்மா பீடி சுற்றுகிறாள். அப்பா சந்தையில் மூட்டை தூக்குகிறார். முதல் பட்டதாரிச் சான்றிதழை வாங்கி அம்மா பீரோவுக்குள் சேலைக்கு அடியில் வைத்திருக்கிறாள். அந்தச் சான்றிதழ் ஒரு அரசு வேலையாக மாறி வெளியே வரும் என்று அவளுக்கு ஒரு நம்பிக்கை. நான் நடித்த முதல் ஆவணப் படத்தை அவளுக்குப் போட்டுக் காட்டினேன். அதில் நான் பதினொரு நிமிடம் ஒரு செங்கல் சூளைக்குள் நடக்கிறேன். பார்த்து முடித்துவிட்டுக் கேட்டாள்: "ஏலே, பேசல, பாடல, யாரையும் அடிக்கவும் இல்ல. பொறவு எதுக்குல ஒன்னயக் கூப்பிடுதாவ? நடக்கதுக்கு சூளையில ஆளா இல்ல?"

இந்தக் கேள்விக்குப் பதில் உங்களிடம் இருந்தால் எனக்கும் எழுதுங்கள்.

கேமரா முன்னால் எப்படி நிற்பது, எப்படி மூச்சு விடுவது என்பதையெல்லாம் நான் சொல்லப்போவதில்லை. அதெல்லாம் உங்களுக்கு ஒரு வாரத்தில் வந்துவிடும். நான் செய்த ஒரு தப்பை மட்டும் சொல்கிறேன். இந்தத் தப்பை ஒரு மளிகைக் கடைக்காரர் செய்ய முடியாது. வாத்தியார் செய்ய முடியாது. சினிமா ஹீரோகூடச் செய்ய முடியாது. நம்மைப் போன்ற கோட்டிக்காரப் பைத்தியங்கள் மட்டுமே செய்யக்கூடிய தப்பு. சம்பந்தப்பட்டவர்களிடம் கேட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன். பெயர், ஊர், தொழில் எல்லாம் மாற்றியிருக்கிறேன். துப்பறிய வேண்டாம்.

மூன்று வருடத்துக்கு முன்னால், தாமிரபரணியைப் பற்றி ஒரு சோதனைப் படம். எடுத்தவர் சென்னைக்காரர், என்னைவிடப் பத்து வயது மூத்த பெண். சத்தம் போட்டுப் பேசத் தெரியாதவர், அதனாலேயே யாரும் அவர் பேச்சைத் தட்ட மாட்டார்கள். ஒலிப்பதிவுக்கு ஜெபா. பாளையங்கோட்டைப் பையன், எனக்குக் கல்லூரித் தோழன், சர்ச் பாடகர் குழுவில் இருந்ததால் காது கூர்மை. படத்தின் நடுவே ஒரே ஷாட்: ஒரு மனிதன் விடியற்காலையில் ஆற்றுக்குள் மார்பளவு தண்ணீரில் அசையாமல் நிற்கிறான். நாற்பது நிமிடம். அவ்வளவுதான். அந்த மனிதன் நான். நடிக்க வந்து மூன்று வருடத்தில் எனக்குக் கிடைத்த முதல் முக்கிய வேடம்.

சிரிக்காதீர்கள். நாற்பது நிமிடம் நிற்பதற்கு நான் மூன்று வாரம் பயிற்சி எடுத்தேன்.

சேரன்மகாதேவிக்குக் கிழக்கே ஒரு சின்னப் படித்துறை. ஆட்கள் கேமராவைப் பார்த்துப் பல் இளிக்கக்கூடாது என்று கேமராவை எதிர்க்கரையில் நாணலுக்குள் வைத்திருந்தார்கள். என் சட்டைக் காலருக்குள் ஒரு சின்ன மைக், நனையாதபடி உறை போட்டு. என் மூச்சும் தண்ணீரும் மட்டும் கேட்க வேண்டுமாம். ஊராட்சித் தலைவரிடம் சொல்லியாகிவிட்டது. துணி துவைக்க வரும் பெண்களிடம் முந்தின நாளே சொல்லியாகிவிட்டது. "நிக்கதுதானே, நில்லு" என்று பெருந்தன்மையாக ஒத்துக்கொண்டார்கள். மேலே சாலையில் போகிறவர்களிடம் சொல்ல வேண்டும் என்பது யாருக்கும் தோன்றவில்லை.

"நான் வெள்ளைத் துண்டைத் தூக்கிக் காட்டற வரைக்கும் நீங்க அந்த ஆளாத்தான் இருக்கணும், என்ன நடந்தாலும்," என்றார் இயக்குநர்.

"என்ன நடந்தாலும்" என்பதை நான் வேதவாக்காக எடுத்துக்கொண்டேன். புதிதாகப் படித்தவனுக்கு உள்ள வியாதி இது. புத்தகத்தில் அடிக்கோடு போட்டதை எல்லாம் அப்படியே செய்துவிடுவான்.

இருபத்திரண்டு நிமிடம் நன்றாகப் போயிற்று. எனக்கே என்மேல் மரியாதை வந்துவிட்டது. அப்போது பின்னால், படித்துறையின் மேல் படியிலிருந்து ஒரு குரல்.

"ஏலே தம்பி."

நான் அசையவில்லை.

"ஏலே, ஒன்னத்தான். காது கேக்கலையா?"

ஒரு மொபெட் அணைக்கப்படும் சத்தம். செருப்பு படியில் இறங்கும் சத்தம். இதெல்லாம் நல்ல பின்னணி ஒலி என்று நினைத்துக்கொண்டேன்.

"சட்டையக் கழத்தாம ஆத்துல எறங்குதவன் குளிக்கதுக்கு எறங்கல. எனக்குத் தெரியும்ல. ஏறி வா."

இப்போதுதான் எனக்குப் புரிந்தது. அந்த மனுஷர் நான் சாக நிற்கிறேன் என்று நினைத்துவிட்டார். திரும்பி, "அண்ணாச்சி, படம் எடுக்காவ" என்று நாலு வார்த்தை சொல்லியிருந்தால் முடிந்திருக்கும். நான் எதிர்க்கரையைப் பார்த்தேன். வெள்ளைத் துண்டு எழும்பவில்லை. ஆகவே நான் அந்த ஆளாகவே இருந்தேன்.

"பரீச்சையா? பெயிலாயிட்டியா? நான் அஞ்சாப்பே தாண்டலல. இப்ப எலை விக்கலையா? தின்னுட்டுக் கெடக்கலையா?"

தண்ணீரில் கால் வைக்கும் சத்தம்.

"பொம்பளப் பிள்ள சமாச்சாரமா? ஒருத்தி போனா போறா. சரி, அத விடு. ஒங்க அம்மைக்குத் தெரியுமால நீ இங்கன நிக்கது?"

அது கொஞ்சம் குத்தியது. அம்மாவுக்குத் தெரியாதுதான். ஏதோ கம்ப்யூட்டர் வேலைக்கு நேர்காணல் என்று சொல்லிவிட்டுத்தான் வந்திருந்தேன். அந்தக் குத்தலை நான் என்ன செய்தேன் தெரியுமா? அப்படியே முகத்துக்குக் கொண்டுவந்து நடிப்புக்குப் பயன்படுத்தினேன். இன்றைக்கு நினைத்தாலும் என் கன்னத்தில் நானே அறைந்துகொள்ளத் தோன்றுகிறது. அன்று, "ஆகா, வந்துவிட்டது" என்று பெருமைப்பட்டேன்.

"இங்க பாரு. எனக்கு நீச்சல் தெரியாது. ஆத்தங்கரையில பொறந்தவனுக்கு நீச்சல் தெரியாதுன்னா ஊரு சிரிக்கும், அதனால யார்ட்டயும் சொன்னதில்ல. ஆனாலும் வந்துருவேன் பாத்துக்கோ. பைய வாரேன். நீ அங்கனயே நில்லு."

அவர் ஒரு படி இறங்கினார். பேசினார். இன்னொரு படி இறங்கினார். பேச்சு நின்றால் நான் முங்கிவிடுவேன் என்று பயந்தவர்போல நிறுத்தாமல் பேசினார். சொல்ல வேறு எதுவும் கிடைக்காமல் தன்னையே சொன்னார்.

"நானும் ஒரு பிள்ளையத் தொலைச்சவன்தான். சாவல. உசிரோடதான் இருக்கா. வேற ஆளுக பையனக் கெட்டிக்கிட்டா. இதே படித்துறையில, சொக்காரனுவ, பங்காளிக அத்தன பேரும் பாக்க, தல முழுகினேன். எனக்கு மக இல்லன்னு சத்தமாச் சொன்னேன். சொல்லிட்டு வீட்டுக்குப் போனா சோறு எறங்கல. இப்ப செவ்வாக்கெழமதோறும் வள்ளியூருக்கு எலை போடப் போறேன்னு சொல்லிட்டுப் போயி, அவ கடைக்கு எதுத்தாப்புல ஒளிஞ்சு நின்னு பாத்துட்டு வாரேன். அவ அம்மைக்கே தெரியாது. தெரிஞ்சா, சொக்காரனுவளுக்குத் தெரிஞ்சா, நான் தெருவுல நடக்க முடியாது. அவளையும் நிம்மதியா இருக்க விடமாட்டானுவ. ஒன்ட்டதாம்ல சொல்லுதேன். உசிரோட இருந்தா எதுத்தாப்புலயாவது நின்னு பாக்கலாம்ல. ஒங்கப்பனுக்கு அதையும் இல்லாம ஆக்கிராத. கையக் குடு..."

அதற்குமேல் வார்த்தை இல்லை. சளக்கென்று ஒரு சத்தம். கடைசிப் படிக்கு அப்புறம் மணல் அள்ளிய குழி உண்டு. எனக்கு அது தெரியும். முந்தின நாள் கம்பு விட்டுப் பார்த்து, அதைச் சுற்றி வந்துதான் நின்றிருந்தேன். அவருக்குத் தெரியாது.

அப்போதுதான் திரும்பினேன். பாய்ந்து, தலைமுடி ஒரு கையிலும் சட்டை ஒரு கையிலுமாகப் பிடித்து இழுத்துப் படியில் போட்டேன். இருமினார். தண்ணீர் கக்கினார். கண்ணைத் திறந்ததும் என் கையைத்தான் முதலில் பிடித்தார். "வந்துட்டியா, வந்துட்டியா" என்றார்.

முதல் குரலிலிருந்து அவர் கால் வழுக்கியது வரை நாலு நிமிடம். ஜெபா பிறகு அளந்து சொன்னான். நீச்சல் தெரியாத ஒருவர் எனக்காக ஆற்றில் இறங்கிக்கொண்டிருக்க, நான் நாலு நிமிடம் நன்றாக நடித்தேன்.

"அண்ணாச்சி, நான் சாவ வரல," என்றேன்.

"பொறவு?"

"நடிக்கேன்."

சுற்றும் முற்றும் பார்த்தார். "எங்கல கேமரா?"

எதிர்க்கரையைக் காட்டினேன். அவசரமாக வேட்டியைச் சரிசெய்துகொண்டார். "என்ன படம்? யாரு ஹீரோயினு?"

"ஹீரோயின் இல்ல அண்ணாச்சி."

"சண்டையா?"

"சண்டையும் இல்ல."

"அப்ப நீ என்னதாம்ல செய்யுத?"

"நிக்கேன் அண்ணாச்சி."

பளீரென்று ஒரு அறை விழுந்தது. இந்தக் கலை வடிவத்துக்கு நான் இதுவரை கேட்ட விமரிசனங்களில் அதுவே நேர்மையானது.

சுடலைமுத்து என்று அவருக்குப் பெயர் வைத்துக்கொள்வோம். வாழை இலை வியாபாரம். அன்றைக்கு டவுணுக்குக் கொண்டுபோக வேண்டிய இலைக்கட்டுகள் மேலே மொபெட்டில் இருந்தன. கொஞ்சம் ஆசுவாசம் ஆனதும் எதிர்க்கரையை மறுபடியும் பார்த்தார். குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"அம்புட்டுத் தூரத்துலேந்து நான் பேசினது கேட்டிருக்காதுல்லா?"

காலருக்குள் மைக் என் கழுத்தை உரசிக்கொண்டு இருந்தது. இனிமேல்தான் என் உண்மையான தப்பு வருகிறது. ஆற்றுக்குள் செய்தது முட்டாள்தனம் என்று மன்னித்துவிடலாம். இதை மன்னிக்க முடியாது.

"ஆறு சத்தம் போடுதுல்லா, அண்ணாச்சி," என்றேன்.

பொய் சொல்லவில்லை. ஆறு சத்தம் போட்டுக்கொண்டுதான் இருந்தது. நம் தொழிலில் பொய்யை இப்படித்தான் சொல்வோம், உண்மைகளை மட்டும் வைத்து. அவர் நிம்மதியாகத் தலையைத் துவட்டினார். நான் ஏன் சொல்லவில்லை? என் முதல் பெரிய வேடம். அந்த நாலு நிமிடத்தில் ஏதோ ஒன்று நடந்துவிட்டது, இதை விட்டுவிடக்கூடாது என்று உள்ளுக்குள் ஒரு நாய் வாலாட்டிக்கொண்டிருந்தது. உங்களுக்குள்ளும் அந்த நாய் இருக்கிறது. இல்லை என்று சொன்னால் நீங்கள் இன்னும் நல்ல ஷாட்டில் நிற்கவில்லை என்று அர்த்தம்.

இயக்குநர் பாலத்தைச் சுற்றிக்கொண்டு மூச்சிரைக்க ஓடி வந்தார். கையில் துண்டு இருந்தது. "என் கையில இது இருக்குங்கறதே மறந்துபோச்சு," என்று திரும்பத் திரும்பச் சொன்னார். அண்ணாச்சியிடம் மன்னிப்புக் கேட்டார். பிறகு சம்மதப் படிவத்தை நீட்டினார். அண்ணாச்சி படிக்காமலேயே கையெழுத்துப் போட்டார். எழுத்துக்கூட்டிப் போடுகிற கையெழுத்து. ஈரத்தில் மை பரவியது. "காட்டிக்கிடுங்க. நான் ஒருத்தனக் காப்பாத்தப் போனேன்னு நாலு பேரு பாக்கட்டும்," என்று சிரித்தார். படியில் அண்ணாச்சி என்னிடம் என்ன கேட்டார், நான் என்ன சொன்னேன் என்பது, அப்போது பாலத்தில் ஓடிக்கொண்டிருந்த இயக்குநருக்குத் தெரியாது.

இரண்டு மாதம் கழித்து ஜெபாவின் அறையில் உட்கார்ந்து முதல் தொகுப்பைப் பார்த்தோம். அந்த நாலு நிமிடம் வந்தபோது நான் மூச்சுவிடவில்லை. படமே அதுதான். வெளிநாட்டு விழா ஒன்றுக்கு அந்தப் பகுதியை மட்டும் அனுப்பியிருந்தார் இயக்குநர். மொத்தப் படத்தையும் உடனே அனுப்புங்கள் என்று பதில் வந்திருந்தது. "உங்க முகத்தைப் பத்தித் தனியா எழுதியிருக்காங்க," என்றார் என்னிடம். அவர் கிளம்பிப் போன பிறகும் நான் சிரித்துக்கொண்டே இருந்தேன்.

ஜெபா வயரைச் சுருட்டிக்கொண்டே கேட்டான். "லே, மைக் இருந்தது அவருக்குத் தெரியுமா?"

"கையெழுத்துப் போட்டாருல்லா."

"ஏலே முதல் பட்டதாரி. கேள்விய நல்லாப் படிச்சிட்டுப் பதில் எழுது. மைக் இருந்தது தெரியுமா?"

நான் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவன் வயரைச் சுருட்டி முடித்து, அவிழ்த்து, மறுபடியும் சுருட்டினான். அவ்வளவு கெட்டவன் அவன்.

அன்று மாலையே இயக்குநருக்குப் போன் செய்து, நான் படித்துறையில் சொன்ன அந்த உண்மையான பொய்யைச் சொன்னேன். திட்டுவார் என்று பார்த்தேன்.

"கையெழுத்துக்கு முன்னாடி நான்தான் அவர் காதுல ஹெட்போனை மாட்டியிருக்கணும்," என்றார். "போய்க் கேக்க வையுங்க. என்ன சொல்றாரோ அதுதான். ஒண்ணு மட்டும் புரிஞ்சுக்குங்க. அணையில தண்ணி திறந்துட்டாங்க. அந்தப் படித்துறையில இனிமே எடுக்க முடியாது. இது போச்சுன்னா அந்த விழாவும் போச்சு, உங்க முகமும் போச்சு."

டவுண் மார்க்கெட்டில் இலைக்கட்டு இறக்கிக்கொண்டிருந்தார் அண்ணாச்சி. என்னைப் பார்த்ததும் முகம் மலர்ந்துவிட்டது. பக்கத்துக் கடைக்காரரிடம், "வே, இவருதாம் நிக்கதுக்குன்னே படிச்சவரு. ஒக்காரச் சொல்லாதீரும், கோவம் வந்துரும்," என்று அறிமுகம் செய்துவைத்தார்.

கடைக்குப் பின்னால் கூட்டிக்கொண்டு போய் ஹெட்போனை மாட்டிவிட்டேன். "ஏயப்பா, எங் கொரலு இம்புட்டுக் கீச்சுன்னா இருக்கு?" என்று சத்தமாகச் சிரித்தார். நீச்சல் தெரியாது என்ற இடத்தில் அக்கம்பக்கம் பார்த்துக்கொண்டார். அப்புறம் சிரிப்பு நின்றது. கீழே கிடந்த ஒரு கிழிந்த இலையை எடுத்து, நரம்பு நரம்பாகக் கிழித்துக்கொண்டே கடைசிவரை கேட்டார்.

"ஆறு சத்தம் போடுதுன்னு சொன்னியேல."

"சொன்னேன் அண்ணாச்சி."

"இதுல ஆத்துச் சத்தத்தையே காணமே."

"ஜெபா கொறச்சிட்டான்."

அறைவார் என்று கன்னத்தைத் தயாராக வைத்திருந்தேன். அறையவில்லை. அது அறையைவிட மோசமாக இருந்தது.

"நான் வேண்டாம்னா என்ன செய்வீய?"

"அழிச்சிருவோம்."

"சரின்னா?"

"வெளிநாட்டுல காட்டுவாவ. பொறவு இங்கயும் காட்டுவாவ. எனக்கும் நாலு படம் வரும்." இந்தத் தடவை எல்லாவற்றையும் சொல்லிவிடுவது என்ற முடிவோடுதான் போயிருந்தேன்.

வெகுநேரம் இலையை அடுக்கிக்கொண்டிருந்தார். "பேச்சு என்னுது. சேதி அவளுதுல்லா? அவ வேண்டாம்னா வேண்டாம். அவ சரின்னா, சொக்காரனுவள நான் பாத்துக்கிடுதேன். செவ்வாக்கெழம வள்ளியூருக்கு வா. நீ உள்ள போயிக் கேளு."

"நீங்களும் வாங்க அண்ணாச்சி."

"தல முழுகினவன் எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டுல வருவான்? நான் வழக்கமா நிக்க எடத்துல நிக்கேன். நான் வந்திருக்கேன்னு மட்டும் அவட்டச் சொல்லிராத."

செவ்வாய்க்கிழமை போனோம். பேருந்து நிலையத்துக்குப் பின்னால் ஒரு தெரு. ஒரு பக்கம் ஜெராக்ஸ் கடை, எதிரே சின்னத் தையல் கடை. ஜெராக்ஸ் கடையின் ஓரத்தில் எப்போதும் யாருடையதாவது ஒரு கல்யாண பேனர். அதன் பின்னால்தான் அண்ணாச்சி ஒளிவது வழக்கம். ஒளிவது என்று அவர்தான் சொன்னார். உலகத்தில் யாரும் பச்சைப் பசேலென்று ஒரு வாழை இலைக்கட்டைத் தோளில் வைத்துக்கொண்டு ஒளிய மாட்டார்கள். பேனருக்கு இந்தப் பக்கம் அவர் காலும், அந்தப் பக்கம் இலை நுனியும் தெரிந்தன. தொழில் முறையில் நான் அதைத் திருத்தியிருக்க வேண்டும். மனசு வரவில்லை.

கடையில் அவர் மகள் தைத்துக்கொண்டிருந்தாள். என் வயதுதான் இருக்கும். செல்வி என்று சொல்கிறேன். வாசல்படியில் ஒன்றரை வயதுக் குழந்தை ஒன்று காலி நூல் உருளைகளை வைத்து விளையாடிக்கொண்டிருந்தது.

"ஆம்பளையாளுக்குத் தைக்கது இல்லண்ணே," என்றாள்.

நான் யார், ஆற்றில் என்ன நடந்தது, என்ன தப்புச் செய்தேன் என்று ஒன்று விடாமல் சொன்னேன். சொல்லச் சொல்ல இயந்திரத்தை மிதித்துக்கொண்டே இருந்தாள். ஹெட்போனை மாட்டிக்கொண்டும் மிதித்தாள். "எனக்கு மக இல்லன்னு" என்ற இடம் வந்திருக்க வேண்டும், கால் நின்றது. முடியும்வரை துணியையே பார்த்துக்கொண்டிருந்தாள். முடிந்ததும் ஹெட்போனைக் கழற்றி, வயரைச் சிக்கில்லாமல் மடித்து என் கையில் கொடுத்தாள்.

"இத எல்லாருக்கும் காட்டப் போறியளா?"

"நீங்க சரின்னு சொன்னா மட்டும்."

"நான் சரின்னா?"

"அப்பா ஒத்துக்கிடுவாரு. எனக்கும் நல்ல பேரு கெடைக்கும்."

"வேண்டாம்ணே," என்றாள். யோசிக்கவே இல்லை. "இது வெளிய வந்தா மறுவாரம் அவரு வரமாட்டாரு. வரவும் விடமாட்டாவ."

எனக்கு ஒரு நொடி புரியவில்லை. "அவர் வாரது ஒங்களுக்கு..."

"இந்த மிசினு எந்தப் பக்கம் பாத்துக் கெடக்குன்னு பாருங்க."

தெருவைப் பார்த்துக் கிடந்தது.

"வெளிச்சம் மூஞ்சில அடிக்கி. ஊசி கோக்க முடியல. எல்லாக் கடையிலயும் செவத்தப் பாத்துல்லா போட்டிருப்பாவ. ரெண்டு வருசமா நான் இப்பிடித்தான் தைக்கேன். பிள்ள மத்த நாளு மாமியார்ட்ட இருக்கும். செவ்வாக்கெழம மட்டும் தூக்கிட்டு வந்து வாசல்ல ஒக்கார வச்சிருவேன்." அவள் தலையைத் தூக்கவில்லை, எதிர்ப்பக்கம் பார்க்கவும் இல்லை. "இன்னைக்கும் வந்திருக்காவல்லா? எலைக்கட்டு தெரியுது."

நான் ஹெட்போனைப் பைக்குள் வைத்தேன்.

"நான் பாத்துட்டேன்னு அவியகிட்டச் சொல்லிராதீய. வெக்கப்பட்டுட்டு வராம இருந்துருவாவ."

தம்பி, தங்கைகளே, மூன்று வாரம் அசையாமல் நிற்கப் பயிற்சி எடுத்தவன் நான். அந்தப் பெண் பயிற்சி இல்லாமல் இரண்டு வருடமாக, வாரம் தவறாமல், ஒரு பார்வைகூடச் சிந்தாமல் செய்துகொண்டிருந்தாள். நம்மில் யாருக்கும் அவள் பக்கத்தில் நிற்கத் தகுதி இல்லை. கும்பிடு போட்டுவிட்டு வெளியே வந்தேன்.

திரும்பி வரும் பேருந்தில் அண்ணாச்சி ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார். நாங்குநேரி தாண்டிய பிறகு வெளியே பார்த்துக்கொண்டே கேட்டார்.

"என்ன சொன்னா?"

"வேண்டாம்னுட்டாவ. அழிச்சிருதோம் அண்ணாச்சி."

"நல்லதுதான். வேற ஒண்ணும் கேக்கலையா?"

"இல்ல அண்ணாச்சி."

"நான் எங்க இருக்கேன்னோ, எப்பிடி இருக்கேன்னோ?"

"கேக்கல."

இப்போது என் முகத்தைத் திரும்பிப் பார்த்தார். ஏதாவது தேறுமா என்று கண், வாய், நெற்றி எல்லாவற்றையும் தேடினார். சொல்லிவிடு என்று உள்ளே எல்லாமும் கத்தியது. சொல்லியிருந்தால் அந்த மனுஷர் பேருந்திலேயே அழுதிருப்பார். அடுத்த செவ்வாய்க்கிழமை அந்த பேனருக்குப் பின்னால் யாரும் நின்றிருக்க மாட்டார்கள். முகத்தைக் கட்டிவைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ஆற்றில் நின்றது எல்லாம் அதற்கு முன்னால் ஒன்றுமே இல்லை.

"பிள்ள நல்லா இருந்துச்சா?" என்றார் கடைசியாக.

"ரெண்டு பல்லு கூட மொளச்சிருக்கு," என்றேன். அதைச் சொல்லக்கூடாது என்று யாரும் சொல்லவில்லை.

இயக்குநர் அந்த நாலு நிமிடத்தை அழித்தார், மூன்று இடத்தில் இருந்த பிரதிகளையும், எங்கள் கண் முன்னாலேயே. விழாக்காரர்கள் தங்களுக்கு வந்ததையும் அழித்துவிட்டு, மரியாதையாக ஒரு கடிதம் எழுதிக் கழன்றுகொண்டார்கள். படம் இப்போது அந்த ஷாட்டின் இருபத்திரண்டாவது நிமிடத்தில் முடிகிறது. பாளையங்கோட்டையில் ஒரு மண்டபத்தில் முப்பது பேர் பார்த்தார்கள். இரண்டு பேர் தூங்கினார்கள். ஒருவர் வந்து கையைப் பிடித்து, "நல்லா நின்னீங்க சார்," என்றார். அடுத்த வருடம் முழுவதும் எனக்கு வேடம் எதுவும் வரவில்லை; ஒரு பள்ளியில் நாடகம் சொல்லிக்கொடுத்துக் கழித்தேன். வருத்தம் இருந்ததா என்று கேட்டால், இருந்தது. இல்லை என்று சொல்லிப் பெரிய மனுஷனாக விருப்பமில்லை.

ஒலி ஓடுகிறது என்றால் ஓடுகிறது என்று சொல்லிவிடுங்கள். கையெழுத்துக்கு முன்னால் காதில் மாட்டிக் கேட்கவையுங்கள். பேசுகிறவரிடம் மட்டும் கேட்டால் போதாது, பேச்சுக்குள் யார் இருக்கிறார்களோ அவர்களையும் தேடிப்போய்க் கேளுங்கள். வெள்ளைத் துண்டுக்காகக் காத்திருக்காதீர்கள். அதைப் பிடித்திருக்கிறவரும் நம்மைப் போல ஒரு ஆள்தான், சில நேரம் கை இருப்பதே மறந்துபோகும்.

அந்தப் பேருந்துப் பயணத்துக்குப் பிறகு ஏழெட்டு மாதம் இருக்கும். ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம் அண்ணாச்சியிடமிருந்து போன். பின்னால் தெருச் சத்தம் கேட்டது.

"ஏலே, நீ அவட்ட ஏதும் சொன்னியா?"

"என்ன அண்ணாச்சி?"

"நான் நிக்கத. இங்கன வந்து நிக்கத."

"இல்ல அண்ணாச்சி."

"சத்தியமா?"

"எங்க அம்மை சத்தியமா."

அவருக்கு மூச்சு வாங்கியது. "ஏலே, இப்பத்தான். கடையிலேந்து எந்திரிச்சா. நேரா ரோட்டத் தாண்டி வந்தா. கையில ஒரு ஸ்டூலு. பேனருக்குப் பின்னால, நான் நிக்க எடத்துல, அதப் போட்டா. எம் மூஞ்சியப் பாக்கல. ஒரு வார்த்த பேசல. போட்டுட்டு, திரும்பிப் போயி மிசினுல ஒக்காந்துட்டா. தைக்கா. நான் என்னல செய்ய?"

"நீங்க இப்ப எங்க இருக்கிய அண்ணாச்சி?"

"ஒக்காந்திருக்கேன்," என்றார்.